ஐயமே அறியாதான் பிணையிருந்த கதை

"ஐயம் என்னும் நோய் தமிழ் மண்ணில் முளைத்ததே அன்று. ஆங்கில வேந்தர்தம் கப்பல்களில், மிளகு ஏற்ற வந்த வெறுஞ்சாக்குகளின் மடிப்புகளுக்குள் ஒளிந்து, கடலூர்க் கரையில் இறங்கிய சரக்கு அது. அதற்கு முன் இந்நாட்டில் பூட்டும் இல்லை, திறவுகோலும் இல்லை. இன்றைக்கும் அந்நோய் தீண்டாத ஆடவன் ஒருவன் இவ்வுலகில் உளன் எனின், அவன் யான் ஒருவனே, வேறிலன்."

செந்தமிழ்செல்வன் இவ்வாறு முழங்கிய ஐப்பசி மாலையில், தில்லையின் மேலைக் கோபுரத்துக்குப் பின்னே, மழை முகிலை விலக்கி விலக்கி எட்டிப் பார்த்த கதிரவன், தான் இறங்கியபின் இவ்வூரார் என்ன பேசுவரோ என்று கவல்வான்போல் முகஞ் சிவந்து தயங்கித் தயங்கித் தாழ்ந்துகொண்டிருந்தான். கோபுரப் பொந்துகளுக்குத் திரும்பிய கிளிகள், தத்தம் இடத்தை அண்டையார் கவர்ந்துவிட்டனர் என்று ஒன்றையொன்று ஏசி ஆரவாரித்தன. பிச்சாவரத்துச் சுரபுன்னைக் காடுகளைத் தடவி உப்பேறி வந்த கீழைக்காற்று, கீழவீதியிற் பூத்தொடுக்கும் மகளிரின் கூடைகளை ஒவ்வொன்றாகத் துழாவிச் சென்றது. குமராட்சியிலிருந்து வந்து நின்ற சிற்றுந்தினின்று, நடவு முடித்துக் காலிற் சேறு உலர்ந்து வெடிக்க இறங்கிய பெண்டிர், ஏறும்போது வைத்த தூக்குவாளி இதுதானா, பிறருடையதா என்று மூடியைத் திறந்து திறந்து பார்த்து எடுத்துக்கொண்டனர். தேநீர்க்கடைக் கண்ணாயிரமோ, கல்லாப் பெட்டியைப் பூட்டி, பூட்டியதை ஒருமுறை இழுத்துப் பார்த்து, திறவுகோலை இடுப்பிற் செருகியவாறே, "வாஸ்தவந்தான் தம்பி. நம்ம ஊர்ல யாரு யார சந்தேகப்படறா?" என்றார்.

கற்றறிந்த பெருந்தகையீர், செந்தமிழ்செல்வன் தில்லையில் உள்ள கல்லூரி ஒன்றில் வரலாறு பயிற்றும் இளைய விரிவுரையாளன். ஆங்கில முடியரசரின் வரலாறும் அவரைப் பற்றிய கட்டுக்கதைகளும் அவனுக்கு உள்ளங்கை நெல்லி. மறுநாட் பிற்பகல் அக்கல்லூரியில் அம்முடியரசர் பற்றிய கண்காட்சி ஒன்று திறக்கப்பட இருந்தது. தலைமை உரை அவனுடையது. அறையைப் பூட்டிச் சிறிது தொலைவு நடந்து, திரும்பி வந்து, பூட்டை இழுத்துப் பார்த்துச் செல்வது அவன் வழக்கம். அதனை ஐயம் என்று எண்ணற்க. பூட்டின் நலம் உசாவுதல் என்க.

அவன் எதிரே இருவர் இருந்தனர். ஒருவன் அன்பரசு, கல்லூரி ஆய்வுக்கூடத்திற் பணிசெய்பவன், வண்டி ஒன்று உடையவன், எதற்கும் சிரிப்பவன். மற்றொருத்தி அருள்மொழி, அதே துறை விரிவுரையாளர், நெல்லிக்குப்பத்தினள், வெயிலாயினும் மழையாயினும் மஞ்சட்பூப் போட்ட மடக்குக்குடை ஒன்றை, முடிவேந்தர் வெண்கொற்றக் குடையை ஏந்துவதுபோல், கைவிடாது ஏந்துபவள். அவளை மணக்க விரும்புவதாகச் செந்தமிழ்செல்வன் இம்மாதத் தொடக்கத்தில் முறையாகத் தெரிவித்திருந்தான். "யோசிச்சு சொல்றேன்" என்று அவள் சொல்லியிருந்தாள். அந்த யோசனை எந்நிலையில் உள்ளது என்பதை அறியாமையால் அவனுக்கு உணவு இறங்கவில்லை, உறக்கமும் இல்லை. எனினும் ஐயம் மட்டும் இல்லை.

"எட்டாம் என்றியைப் பாருங்கள்" என்று அவன் தொடர்ந்தான். "ஆறு பெண்டிரை மணந்து இருவர் தலையைக் கொய்த அவ்வேந்தன், இரவில் படுக்குமுன் தன் வைக்கோல் மெத்தையை ஏவலர் குறுவாளால் குத்திப் பார்த்தபின்னரே படுப்பான். உணவையோ, பிறன் ஒருவன் உண்டு உயிரோடிருந்தால் அன்றித் தொடான். இலண்டன் கோட்டையில் வாழும் அண்டங்காக்கைகள் பறந்துவிட்டால் முடியே கவிழும் என்பது அவர்தம் கதை. கதையை நம்பினர், காக்கையை நம்பினாரில்லை, ஆகவே அவற்றின் சிறகைக் கத்தரித்து வைத்துள்ளனர். சேம்சு மன்னன் காலத்தில் நாடாளுமன்றத்து நிலவறையில் எவனோ வெடிமருந்து வைத்தான் என்று, நானூறு ஆண்டு கடந்தும் விளக்கேந்திய காவலர் அந்நிலவறையை இன்றும் தேடுகின்றனர்."

"கெடச்சுதா?" என்றார் கண்ணாயிரம்.

"கிடைக்கவில்லை. கிடைக்காததாலேயே மீண்டும் தேடுகின்றனர்" என்றவன், குரலைத் தாழ்த்தினான். "இவை யாவினும் இழிந்தது ஒன்று உண்டு. முதலாம் சார்லசு நாடாளுமன்றத்தோடு பகைத்துத் தலையிழந்தான் அல்லவா? அந்த அச்சம் இன்றளவும் தெளியவில்லை. அரசர் மன்றத்தைத் திறந்துவைக்கப் புறப்படும்போதெல்லாம், மன்ற உறுப்பினர் ஒருவரைத் தம் அரண்மனையில் பிணையாக இருத்திவிட்டே புறப்படுகிறார். இவர் நலமே மீண்டால் அவர் வீடு செல்லலாம். ஒரு மனிதனை அடகு வைத்துக்கொண்டு ஊர் சுற்றுகிறவருக்கு மணிமுடி எதற்கு, செங்கோல் எதற்கு? என்னிடம் ஒருவர் 'போய் வருகிறேன்' என்றால் போதும். அச்சொல்லே எனக்குப் பிணை."

அருள்மொழி தேநீரைக் கீழே வைத்தாள். "அப்புடியா சார்? நேத்து நா லைப்ரரிய விட்டு எப்ப கெளம்புனேன், கூட யாரு வந்தான்னு வாட்ச்மேன்கிட்ட கேட்டீங்களாமே?"

"நலம் உசாவினேன்."

"என் நலத்த வாட்ச்மேன்கிட்டயா உசாவுவாங்க?"

"என் நலத்தயும் உசாவுனான்" என்று அன்பரசு இடையிற் புகுந்தான். "'அருள்மொழி ஒன் பைக்ல வந்தாங்களா, முன்னாடி வந்தாங்களா பின்னாடி வந்தாங்களா'ன்னு. மச்சான், பைக்ல முன்னாடி எப்புட்ரா வர முடியும்?"

செந்தமிழ்செல்வன் கோபுரத்தைப் பார்த்தான். கிளிகள் இன்னும் ஏசிக்கொண்டிருந்தன.

"சரி சார்" என்றாள் அருள்மொழி. "கடலூருக்கு அந்தாண்ட எங்க பெரியம்மா வீட்ல அந்தக் காலத்துப் பீரங்கிக் குண்டு ஒண்ணு இருக்குது. கோட்டைலேர்ந்து சுட்டதுன்னு சொல்வாங்க. நாளைக்குக் காலையில போயி, எம் பேர எடுக்காம, வெறும் வாய்ச்சொல்லுக்கு அத வாங்கியாந்து கண்காட்சியில வெய்ங்க. அவுங்க நம்பிக் குடுத்துட்டா, நம்ம ஆளுங்களுக்குச் சந்தேகமே தெரியாதுன்னு நானும் ஒத்துக்கறேன். நீங்க கேட்டதுக்கும் நாளைக்கே பதில் சொல்லிடறேன்."

"தராவிடில்?"

"தரலன்னா, இன்னும் யோசிக்க வேண்டியதுதான்." குடையை விரித்தாள், நடந்தாள். தூறல் தொடங்கியிருக்கவில்லை. எனினும் விரித்தாள்.

விடியலில், அன்பரசின் வண்டியின் பின்னே வீற்றிருந்து செந்தமிழ்செல்வன் வடக்கு நோக்கிச் சென்றான். புதுச்சத்திரத்தைக் கடந்து, நீர் தளும்பும் வயல்களில் கொக்குகள் மீனை ஐயுற்றும் மீன்கள் கொக்கை ஐயுற்றும் அசையாது நின்ற காலைப்பொழுதைக் கடந்து, உப்பனாற்றின் மீன் வாடையையும் கடந்து, கெடிலம் கடலோடு கலக்கும் தேவனாம்பட்டினத்துப் பக்கமாய் வந்தபோது, இடிந்து செடிமண்டிக் கிடந்த கோட்டைச் சுவரைக் கண்டு வண்டியை நிறுத்தச் சொன்னான்.

"கேள், அன்பரசு. வில்லியமும் மேரியும் ஒரே அரியணையில் இணையரசராய் வீற்றிருந்த நாளில், அவர்தம் நாட்டு வணிகர் மராட்டியரிடம் இக்கோட்டையை விலைக்கு வாங்கினர். எல்லை எது என்ற கேள்வி எழுந்தது. கோட்டையினின்று பீரங்கி சுட்டால் குண்டு எவ்வளவு தொலைவு போகுமோ அவ்வளவும் எமது என்றனர். சுட்டனர். குண்டு விழுந்த ஊரெல்லாம் அவர் ஊராயிற்று. இன்றும் குண்டுக் கிராமங்கள் என்றே பெயர்."

"அப்ப குண்டு மேல விழுந்தவன் என்னா ஆனான்?"

"வரலாற்றில் அவனைப் பற்றிய குறிப்பு இல்லை."

அவர்கள் சென்றடைந்த சிற்றூரின் பெயரைச் சொல்லேன். சொன்னால் நீவிரும் போய்க் குண்டைக் கேட்பீர், பின் அங்கேயே இருந்துவிடுவீர். ஊர் நடுவே ஓட்டுவீடு. கூடத்து மூலையில், சும்மாட்டின்மேல், எண்ணெய் பூசி மினுக்கிய கரிய இரும்புக்குண்டு ஒன்று, முடிசூட்டுக்குக் காத்திருக்கும் இளவரசன்போல் வீற்றிருந்தது. அதன் காலடியில் தொடர்பற்ற பொருள்கள் சில கிடந்தன: ஒற்றைக்கால் மிதியடி ஒன்று, மிதிவண்டித் திறவுகோல் ஒன்று, மூக்குக் கண்ணாடி ஒன்று. வீட்டுத் தலைவி விருத்தாம்பாள் மாவரைத்துக்கொண்டிருந்தவள் கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். அவள் கணவர் இராசமாணிக்கம் ஒரு சொல்லும் சொல்லாமல், முற்றத்தில் அமர்ந்து, கல்லில் அரிவாளைத் தீட்டிக்கொண்டிருந்தார்.

செந்தமிழ்செல்வன் நிமிர்ந்து நின்றான். "அம்மையீர், யான் தில்லையிலிருந்து வருகின்றேன். ஐயம் என்பதை அறியாத ஒருவன் இவ்வுலகில் உளன் எனின் அவன் யான் ஒருவனே, என்போல் வேறிலன். இக்குண்டினை இன்று மாலை வரை எம் கண்காட்சிக்குத் தந்தருள்க. திருப்பித் தருவேன் என்னும் என் சொல்லே பிணை."

விருத்தாம்பாள் அன்பரசைப் பார்த்தாள். "என்னா சொல்லுது இது?"

"குண்டு வேணுமாம்மா. சாயங்காலம் குடுத்துருவோம்."

"தாராளமா எடுத்துக்கினு போங்க. வெக்கறது என்னா?"

"வைப்பதா?"

"எங்க ஊரு பழக்கம் தம்பி. அந்தக் காலத்துல வெள்ளக்காரன் ஒரே ஒரு குண்டு போட்டான், ஊரையே எடுத்துக்கினான், பதிலுக்கு ஒண்ணும் வெக்கல. அன்னிலேர்ந்து இந்த ஊர்ல எது வெளிய போனாலும் வேற ஒண்ணு குண்டுக்கிட்ட இருக்கணும். அந்தா, ஏணி வாங்குன தட்சிணாமூர்த்தி ஒத்த செருப்ப வெச்சிட்டுப் போயிருக்கான். மருந்தடிக்கற மிசினு வாங்குனவன் கண்ணாடிய வெச்சிட்டுக் கண்ணு தெரியாம நடக்கறான்."

செந்தமிழ்செல்வன் கைக்கடிகாரத்தைக் கழற்றினான். அவள் தலையை அசைத்தாள்.

"ஏணி ஊர்ல பத்து இருக்குது, செருப்பு போதும். குண்டு ஊருக்கே ஒண்ணுதான். நீ வெக்கறதும் ஒண்ணே ஒண்ணா இருக்கணும். கடியாரம் கடையில மாட்டி வெச்சிருக்கான்." சற்று எண்ணினாள். "நீதான் சொன்னியே, உன்ன மாரி ஒருத்தன் ஒலகத்துலயே இல்லன்னு. அப்ப நீயே இரு."

வரலாறு தன்னை நோக்கித் திரும்பி நகைப்பதைச் செந்தமிழ்செல்வன் அவ்வேளையிற் கேட்டான். அது அன்பரசின் சிரிப்பாகவும் இருக்கலாம்.

"அம்மா, நா இருக்கறேம்மா. இவன் அங்க பேசணும்" என்றான் அன்பரசு, சிரிப்பை விழுங்கி.

அவனை ஏற இறங்கப் பார்த்தாள் விருத்தாம்பாள். "உன்ன மாரி தெருவுக்கு நாலு பேரு இருக்கான், போ."

மாலைக்குள் அனைத்தும் முடியும், பிற்பகல் உரைக்கு வேறு வழி காணலாம், முதலில் குண்டு போய்ச் சேரட்டும் என்று அன்பரசு சொன்னான். குண்டு இல்லையேல் அருள்மொழியின் விடை இல்லை. தான் இல்லையேல் உரை இல்லை. விடையே பெரிது எனத் துணிந்தான் செந்தமிழ்செல்வன். அன்பரசு குண்டைச் சாக்கிற் சுற்றி, வண்டியின் முன்னே, கைக்குழந்தைபோல் இருத்திக்கொண்டான். "பாத்தியா மச்சான், பைக்ல முன்னாடி வர முடியும்" என்று சொல்லிப் புழுதி கிளப்பி மறைந்தான்.

அதன்பின் முற்பகல் நீண்டது. அன்பரசின் கைப்பேசி ஒலித்து ஒலித்து ஓய்ந்தது, எடுப்பாரில்லை. முதலில், வண்டியோட்டுகிறான் போலும் என்று எண்ணினான். பிறகு, பழைய இரும்புக் கடை ஒன்று ஆலப்பாக்கத்தருகே உள்ளதே என்று எண்ணினான். பிறகு, குண்டோடு அருள்மொழியின் முன் போய் நின்று 'நானே வாங்கி வந்தேன்' என்று அவன் சொன்னால் விடை யாருக்குச் சேரும் என்று எண்ணினான். பிறகு, முன்னாடியா பின்னாடியா என்ற பழைய கேள்விக்கு அவன் ஏன் அன்று நேராக விடை சொல்லவில்லை என்று எண்ணினான். இவை ஐயங்கள் அல்ல. வரலாற்று ஆய்வாளனின் இயல்பான கருதுகோள்கள்.

இராசமாணிக்கமோ இன்னும் அரிவாளைத் தீட்டிக்கொண்டிருந்தார். தீட்டுவார், கட்டைவிரலால் கூர் பார்ப்பார், செந்தமிழ்செல்வனைப் பார்ப்பார், மீண்டும் தீட்டுவார். தலையிழந்த ஆங்கில வேந்தரும் அரசியரும் ஒவ்வொருவராக அவன் நினைவில் வரிசையிட்டு வந்தனர். இறுதியில் அவர் எழுந்தார். அரிவாளோடு அவனை நோக்கி நடந்து வந்தார். அவன் சுவரோடு ஒட்டிக்கொண்டான். அவர் அவனைக் கடந்து போய், மூலையிற் கிடந்த இளநீர்க் குலையினின்று ஒன்றைக் கொய்து, ஒரே வீச்சிற் சீவி, அவன் கையிற் கொடுத்தார்.

"என்னாத்துக்கு இப்புடி வேத்து ஊத்துது? குடி" என்றார். அதுவே அவர் அன்று பேசிய முதற்சொல்.

உண்ணும் வேளை வந்தது. வெந்தயம் மணக்கும் மீன்குழம்பு இலையில் விழுந்தது. செந்தமிழ்செல்வன் கைவைத்தானில்லை, இராசமாணிக்கம் ஒரு கவளம் உண்டு, மறு கவளமும் உண்டு, ஏப்பம் விடும்வரை அவரையே நோக்கியிருந்தான்.

"என்னா தம்பி, என் வாயையே பாக்கற?"

"தாங்கள் உண்ணும் அழகைக் கண்டு வியந்தேன், ஐயா."

"விருத்தா, இன்னும் ரெண்டு துண்டு போடு. வியந்துட்டாராம்" என்றார் இராசமாணிக்கம்.

கைகழுவக் கொல்லைப்புறம் சென்றபோதுதான் அவன் அதைக் கண்டான். கொல்லைக் கதவு திறந்து கிடந்தது. பூட்டில்லை, தாழில்லை, காவலில்லை. ஒரு கோழி மட்டும் நின்றது. கதவுக்கு அப்பால் வரப்பு. வரப்பின் முடிவில் தார்ச்சாலை. சாலையில், இவனுக்காகவே நிறுத்தியதுபோல், கடலூர் செல்லும் சிற்றுந்து ஒன்று உறுமிக்கொண்டு நின்றது. இப்போது ஏறினால் கடலூர். அங்கிருந்து விரைவுப் பேருந்து. உரையின் பாதியிலாவது போய் நிற்கலாம். ஆங்கில முடியரசர் பற்றித் தன்னைவிட நன்கு பேசுவார் தில்லையில் இலர். அவன் ஒரு காலை வாசற்படிக்கு வெளியே வைத்தான்.

வைத்த கால் அங்கேயே நின்றது. பிணையாளியை இருத்திய வீட்டில் கதவை எவரேனும் திறந்துவைப்பரோ? திறந்த கதவை எவன் நம்புவான்? பூட்டிய கதவுக்கு ஒரு பொருள் உண்டு. திறந்த கதவுக்குப் பல பொருள் உண்டு. கோழி ஏன் நகரவில்லை? சிற்றுந்து ஏன் இன்னும் கிளம்பவில்லை? வரப்பின் மறைவில் ஏணி வாங்கிய தட்சிணாமூர்த்தி மற்றொரு மிதியடியோடு காத்திருக்கிறானோ? அருள்மொழியே இக்கதவைத் திறந்துவைக்கச் சொல்லியிருந்தால்? ஓடினால் 'ஓடிப்போனான்' என்னும் சொல் தில்லைக்கு அவனுக்கு முன்னரே சென்று சேரும் அல்லவா? எண்ண எண்ணக் கதவு அகன்றுகொண்டே போயிற்று. அவன் காலை உள்ளே இழுத்துக்கொண்டான். சிற்றுந்து கிளம்பிப் போயிற்று. கூடத்திற்குத் திரும்பி, குண்டு இருந்த வெறுஞ்சும்மாட்டின் அருகே, மிதியடிக்கும் மூக்குக் கண்ணாடிக்கும் நடுவில், முறையாக அமர்ந்தான்.

பிற்பகலில் கைப்பேசி ஒளிர்ந்தது. அருள்மொழியின் முகம் தோன்றியது. அவள் பின்னே நிறைந்த அவை தோன்றியது. அவள் முன்னே, சிவப்புத் துணி விரித்த மேசையில், குண்டு தோன்றியது. அன்பரசு அருகிலேயே நின்று கையசைத்தான். பழைய இரும்புக் கடையைப் பற்றிய கருதுகோளைச் செந்தமிழ்செல்வன் ஓசையின்றிக் கைவிட்டான்.

"அவையோர்க்கு வணக்கம்" என்றாள் அருள்மொழி, மேடைக்குரிய தமிழில். "ஆங்கில அரசர் வெளியே செல்லுமுன் ஒருவரைப் பிணையாக இருத்துவர் என்பதை விளக்கவே எம் தலைமைப் பேச்சாளர் இன்று இங்கு வருவதாக இருந்தது. ஆனால் அவர் வெறும் பேச்சால் நிறைவடைபவர் அல்லர். இந்தக் குண்டு இங்கே இருப்பதற்காக, அவர் அங்கே இருக்கிறார். இதோ, நேரிற் காண்க." கைப்பேசியை அவைக்குத் திருப்பினாள்.

அவை அவனைக் கண்டது. மிதியடியையும் கண்டது. பிறகு எழுந்த சிரிப்பு, கூரையை முட்டித் திரும்பி, கைப்பேசியின் சிறு துளை வழியே ஊற்றெடுத்து, விருத்தாம்பாளின் கூடத்தை நிறைத்தது. "பிணையார் வாழ்க!" என்று பின்வரிசை மாணவர் முழங்கினர். செந்தமிழ்செல்வன் வேறென் செய்வான்? எழுந்து நின்று கைகூப்பினான். அவன் இதுவரை ஆற்றிய உரைகள் எதற்கும் இத்தகைய கைத்தட்டல் கிடைத்ததில்லை என்பதை உண்மையின் பொருட்டு இங்கே குறிக்கிறேன்.

"என்னா, எல்லாரும் உன்னப் பாத்துச் சிரிக்கறாங்க?" என்றாள் விருத்தாம்பாள்.

"பாராட்டுகிறார்கள், அம்மையீர்."

"அப்ப செரி. காப்பி குடிக்கறியா?"

மாலையில் மழை பெய்து ஓய்ந்திருந்தது. அன்பரசின் வண்டி முற்றத்தில் வந்து நிற்க, குண்டை இருவருக்கும் நடுவில் இருத்தி, விரிந்த மஞ்சட்பூக் குடையின் கீழ் அருள்மொழி வந்திறங்கினாள். குண்டு சும்மாட்டில் ஏறியது. விருத்தாம்பாள் செந்தமிழ்செல்வனின் தோளைத் தொட்டு, "போலாம்ப்பா, உன்ன மீட்டாச்சு" என்றாள்.

"பெரியம்மா, வாய்ச்சொல்ல நம்பிக் குடுத்தீங்களா?"

"சொல்லு யாருக்குடி புரிஞ்சுது? ஆளத்தான் வெச்சேன்."

"அப்ப சார் தோத்துட்டாரு" என்றாள் அருள்மொழி. அவள் குரலில் வெற்றியைவிட வேறொன்று மிகுதியாக இருந்ததுபோல் அவனுக்குத் தோன்றியது. அது ஏமாற்றமோ என்று நம்பவும் அஞ்சினான்.

"தோத்தா என்னா? புள்ள நல்ல புள்ள" என்றாள் விருத்தாம்பாள். "கொல்லக் கதவு நாள் பூரா தெறந்துதான் கெடந்துது. சாப்புட்டுட்டு அங்க போயி நின்னான், ஜன்னல்ல பாத்துக்கினுதான் இருந்தேன். பஸ்ஸும் நின்னுது. ஒரு காலு வெளிய வெச்சான், அப்பறம் திரும்பி வந்து செருப்புக்குப் பக்கத்துல ஒக்காந்துகினான். அடச்சி வெக்கறதுக்குப் பேரு பிணையா? வெச்ச எடத்துல இருக்கறதுக்குப் பேருதான் பிணை. சொன்ன சொல்லுக்கு நின்னான்டி."

அருள்மொழி அவனை நிமிர்ந்து பார்த்தாள். இம்மாதத் தொடக்கத்திலிருந்து அவள் அப்படிப் பார்த்ததில்லை. திறந்த கதவை நம்பாமையால் நின்றேன் என்று உரைக்கும் உண்மை அவன் தொண்டை வரை வந்தது. வெளியே செல்ல வழி திறந்தே இருந்தும், கதவைக் கண்ட அவன் கால்போல், உள்ளேயே திரும்பிற்று. அவன் அடக்கத்தோடு தலைகுனிந்தான்.

கடலூர்ப் பேருந்து நிலையம் வரை மூவரும் வந்தனர். அன்பரசு வண்டிக்கு எரிநெய் இடச் சென்றான். நெல்லிக்குப்பம் வழியாகச் செல்லும் பேருந்து, கரும்பேற்றிய இழுவண்டிகளைக் கடந்து போகவேண்டிய அலுப்போடு, வாயிலில் உறுமி நின்றது.

"நா அம்மாவப் பாத்துட்டு வரேன்" என்றாள் அருள்மொழி. "திங்கக்கெழம வந்து சொல்றேன்."

"என்ன சொல்வீர்கள்?"

"கல்யாண விசயத்துல பொண்ணு அம்மாகிட்ட பேசிட்டு வரேன்னு சொன்னா என்னா அர்த்தம்? இதுக்கும் வாட்ச்மேனக் கேப்பீங்களா?"

அவன் முகம் மலர்ந்தது. "கேளேன். இனி எவரையும் கேளேன். சென்று வருக. 'வருகிறேன்' என்னும் உங்கள் சொல்லே எனக்குப் பிணை" என்றான். அதை அவன் மெய்யாகவே நம்பினான். அவள் படியில் கால் வைக்கும் வரை நம்பினான்.

கூட்டம் நெருக்கியது. ஏறும் பொருட்டுக் குடையை மடக்கி, "கொஞ்சம் புடிங்க" என்று அவன் கையிற் கொடுத்துவிட்டு, இரு கையாலும் கம்பியைப் பற்றி ஏறி, சாளரத்து இருக்கையைக் கண்டு அமர்ந்தாள். சாளரம் கைக்கெட்டும் உயரத்திலேயே இருந்தது. குடையை நீட்டினால் போதும். அவன் நீட்டவில்லை. வலக்கையை அசைத்து விடைகொடுத்தான். இடக்கையோ குடையோடு மெல்ல மெல்ல முதுகுப்புறம் சென்றது.

அருள்மொழி அவன் வலக்கையைப் பார்த்தாள். பிறகு, இல்லாத இடக்கை இருந்திருக்கவேண்டிய இடத்தைப் பார்த்தாள்.

"திங்கக்கெழம மழ வருமாம் சார்" என்றாள். "எனக்கு வேற கெடயாது." பேருந்து நகர்ந்தது.

வில்லியமும் போனார், மேரியும் போனார். தலையிழந்த சார்லசும் தலைகொய்த என்றியும் போயினர். அவர்தம் குண்டு எட்டிய நிலமெல்லாம் இன்று நெல்லும் கரும்புமாய்த் தலையசைக்கிறது. ஆயினும் நெஞ்சுக்கு இனியது ஒன்று கண்காணாத் தொலைவுக்குச் செல்லும்போது, முடியுடையாரும் முடியிலாரும் கையில் ஏதேனும் ஒன்றைப் பற்றிக்கொண்டே நிற்கின்றனர். பற்றியது மன்ற உறுப்பினராயினும் ஒற்றை மிதியடியாயினும் அச்சம் ஒன்றே, அன்பும் ஒன்றே. செந்தமிழ்செல்வன் இருமருங்கும் நோக்கி, மஞ்சட்பூக் குடையை ஈரம் போகத் துடைத்து, தன் தோட்பையின் அடியில், உரைக்கெனக் கொணர்ந்த தாள்களுக்கும் கீழே வைத்து, பையின் வாயை இழுத்து மூடினான். சிறிது தொலைவு நடந்தான். நின்றான். பையைத் திறந்து, குடையின் நலம் உசாவினான்.